கால்ஷீட், ஸ்லாட்: ராதிகாவின் தொழில் வாழ்க்கை வழியே இரண்டு சொற்களுக்கு விளக்கம்

சினிமாச் செய்தி படிக்கிறவர்கள் வாரம் ஒருமுறையாவது பார்க்கும் சொல் ‘கால்ஷீட்’. இந்தப் படத்துக்கு அவர் நாற்பது நாள் கால்ஷீட் கொடுத்திருக்கிறார், கால்ஷீட் பிரச்சினையால் படப்பிடிப்பு தள்ளிப்போனது என்றெல்லாம் எழுதுவார்கள். சீரியல் பக்கம் வந்தால் இன்னொரு சொல் காதில் விழும்: ‘ஸ்லாட்’. ஒன்பதரை மணி ஸ்லாட் யாருக்கு, அந்த ஸ்லாட்டில் என்ன தொடர் வரப்போகிறது என்று பேசிக்கொள்வார்கள்.

இரண்டுமே நேரத்துக்கான சொற்கள். கால்ஷீட் என்பது நடிகையின் நேரம். ஸ்லாட் என்பது நம் வீட்டு வரவேற்பறையின் நேரம். முதலாவதை விற்றுச் சம்பாதிக்கும் ஒருவர் இரண்டாவதை வாங்க ஆரம்பித்தால் அவருடைய வாழ்க்கை எப்படி மாறும்? இந்தக் கேள்விக்குத் தமிழில் ராதிகா சரத்குமாரைவிடத் தெளிவான பதில் எனக்குத் தெரிந்து வேறு யாரும் இல்லை. அதனால் அவரை வைத்தே இந்த இரண்டு சொற்களையும் விளக்கிவிடலாம் என்று நினைக்கிறேன். அவருடைய எல்லாப் படங்களையும் வரிசைப்படுத்தும் கட்டுரை இல்லை இது. தேவையான இடங்களில் மட்டும் நின்று பார்ப்போம்.

முதலில் கால்ஷீட். இன்றைய படப்பிடிப்புக்கு யார் யார், எத்தனை மணிக்கு, எந்த இடத்துக்கு வரவேண்டும் என்று எழுதி ஒட்டும் தாளுக்குத்தான் அந்தப் பெயர். நம் ஊரில் அது நடிகர் தரும் நாளுக்கே பெயராகிவிட்டது. காலையில் வந்து மேக்கப் போட்டு, மாலை ‘பேக்கப்’ சொல்லும்வரை இருந்தால் ஒரு கால்ஷீட். பாதி நாள் மட்டும் இருந்துவிட்டுப் போனால் அரை கால்ஷீட். வேலை குவிந்திருக்கும் நடிகை காலையில் ஒரு ஸ்டூடியோ, மாலையில் இன்னொரு ஸ்டூடியோ, இரவு மூன்றாவது இடம் என்று ஒரே நாளை வெட்டிப் பங்கு போடுவதும் உண்டு. 1980-களில் தென்னிந்தியப் படங்களில் முன்னணியில் இருந்தவர்களுக்கு அது வழக்கமான நாள்.

இந்தச் சரக்கைச் சேமித்து வைக்க முடியாது என்பதுதான் இதில் உள்ள சிக்கல். இன்று விற்காத கால்ஷீட்டை நாளைக்கு எடுத்து வைக்க வழியில்லை. கடையில் மீந்த துணியையாவது ஆடித் தள்ளுபடியில் தள்ளலாம், போன நாளை என்ன செய்வது? அப்புறம், ஒரே நாளை இரண்டு பேருக்குக் கொடுக்கவும் முடியாது. அதனால்தான் நடிகைகளின் மேனேஜர்கள் டைரியும் கையுமாக அலைந்தார்கள். ஒரு காட்சியில் நாயகன், நாயகி, வில்லன், அம்மா என நாலு பேர் சேர்ந்து நிற்கவேண்டும் என்றால் நாலு பேருடைய டைரியிலும் ஒரே நாள் காலியாக இருந்தாக வேண்டும். இதற்கு சினிமாக்காரர்கள் ‘காம்பினேஷன்’ என்பார்கள். படம் தாமதமாவதற்குப் பாதிக் காரணம் காம்பினேஷன் கிடைக்காததுதான். இந்தச் சொல்லை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், சீரியல் பகுதியில் மறுபடி வரும்.

சரி, ராதிகாவுக்கு வருவோம்.

அவர் 1962 ஆகஸ்ட் 21-ல் பிறந்தவர். அப்பா எம்.ஆர்.ராதா. மேடையில் ‘ரத்தக்கண்ணீர்’ நாடகத்தை ஊர் ஊராகக் கொண்டுபோனவர். 1954-ல் அது படமானபோதும் அவரே நடித்தார். அவரிடம் சொந்த நாடகக் குழு இருந்தது. எந்த ஊரில் மேடை போடுவது, எந்த வசனத்தை அன்றைய செய்திக்கு ஏற்ப மாற்றுவது என்பதெல்லாம் அவர் கையில். மகளின் பிற்கால வாழ்க்கையைப் பார்க்கும்போது எனக்கு இந்த விஷயம் திரும்பத் திரும்ப நினைவுக்கு வரும். நடிப்பு அப்பாவிடமிருந்து வந்தது என்று எல்லோரும் சொல்வார்கள். சொந்த மேடை வேண்டும் என்ற பிடிவாதமும் அங்கிருந்துதான் வந்தது என்பது என் எண்ணம்.

1978-ல் பாரதிராஜாவின் இரண்டாவது படமான ‘கிழக்கே போகும் ரயில்’ வெளியானது. கதாநாயகி பாஞ்சாலியாக அறிமுகமானவர் ராதிகா, ஜோடி சுதாகர். ஊரைவிட்டுப் போன காதலன் ரயிலின் கடைசிப் பெட்டியில் எழுதி அனுப்பும் செய்திக்காக அவள் காத்திருப்பாள். ரயில் வரும், கடைசிப் பெட்டி கடந்து போகும், அந்தச் சில நொடிகளுக்குள் படித்துவிட வேண்டும். வசனமே இல்லாமல் முகத்தில் எல்லாம் நடந்தாக வேண்டிய இடம் அது. அப்போது அவருக்கு 16 வயது நிரம்பவில்லை. அந்த முகத்தில் ஒப்பனை அழகைவிட ஒரு சுறுசுறுப்பு முன்னால் நிற்கும். பிற்பாடு அவர் செய்த எல்லாப் பாத்திரங்களிலும் அந்தச் சுறுசுறுப்பு இருக்கிறது.

அதன் பிறகு பதினைந்து ஆண்டுகள் கால்ஷீட் வாழ்க்கைதான். ரஜினியுடன் ‘போக்கிரி ராஜா’, ‘மூன்று முகம்’, ‘நல்லவனுக்கு நல்லவன்’, ‘ஊர்க்காவலன்’. தெலுங்கில் 1981-ல் சிரஞ்சீவியுடன் ‘நியாயம் காவாலி’. மலையாளத்தில் ‘கூடும் தேடி’. இந்தியில் ரிஷி கபூருடன் ‘நசீப் அப்னா அப்னா’. 1986-ல் கே.விஸ்வநாத் இயக்கிய ‘ஸ்வாதி முத்யம்’ வந்தது. அந்த ஆண்டு இந்தியா ஆஸ்காருக்கு அனுப்பிய படம் அது. தமிழில் ‘சிப்பிக்குள் முத்து’ என்ற பெயரில் பார்த்திருப்பீர்கள். கையில் குழந்தையோடு நிற்கும் இளம் விதவை, உலகம் தெரியாத ஒருவன் திடீரென்று தாலி கட்டிவிட, அடுத்த நொடி என்ன செய்வதென்று தெரியாமல் நிற்பாள். கமல்ஹாசனின் நடிப்பைப் பற்றித்தான் எல்லோரும் எழுதுவார்கள். அந்தப் பாத்திரம் நம்மை உறுத்தாமல் இருப்பதற்குக் காரணம் எதிரே நிற்கும் ராதிகா. அவர் நம்பினால்தான் நாமும் நம்புவோம், அவர் நம்பிவிட்டார்.

இத்தனை மொழி, இத்தனை படம் என்றால் பெருமைதான். ஆனால் கால்ஷீட் கணக்கில் பாருங்கள். ஒரு நாளைக்கு ஒரு நாள்தான். விலையைக் கொஞ்சம் கூட்டலாம், நாளைக் கூட்ட முடியாது. நாளின் விலையை முடிவு செய்வதும் நடிகை இல்லை. கதாநாயகனுக்கு ஜோடியாக நிற்கும் காலம்வரை ஒரு விலை, அது முடிந்ததும் வேறு விலை. அந்த எல்லை நம் சினிமாவில் பெண்களுக்கு மிகச் சீக்கிரம் வந்துவிடும். 1993-ல் ‘கிழக்குச் சீமையிலே’ வந்தபோது ராதிகாவுக்கு 31 வயது. அதில் அவர் விருமாயி. விஜயகுமாருக்குத் தங்கை, நெப்போலியனுக்கு மனைவி, கல்யாண வயதில் இருக்கும் பையனுக்கு அம்மா. அண்ணன் வீட்டுச் சீருக்கும் புருஷன் வீட்டு ரோஷத்துக்கும் நடுவில் கிழிபடும் பெண். தமிழில் அண்ணன் தங்கை உறவை வைத்து எடுத்த படங்களில் எனக்கு மிகவும் பிடித்த நடிப்பு அது. ஆனாலும் கணக்கைக் கவனியுங்கள்: 31 வயதில் வளர்ந்த பிள்ளைக்கு அம்மா. அவரோடு எண்பதுகளில் ஜோடியாக நடித்த நாயகர்கள் அதே ஆண்டில் இளம் கதாநாயகிகளோடு டூயட் பாடிக்கொண்டிருந்தார்கள்.

‘மார்க்கெட் போச்சு’ என்று ஒரு கொடூரமான சொல் நம்மிடம் உண்டு. நடிப்பு போய்விடுவதில்லை. கால்ஷீட்டைக் கேட்டு வரும் ஆட்கள்தான் குறைகிறார்கள்.

இதற்கு மாற்று வழியை அவர் 1985-லேயே தொட்டுப் பார்த்துவிட்டார். அந்த ஆண்டு பிரதாப் போத்தன் முதன்முதலாக இயக்கிய ‘மீண்டும் ஒரு காதல் கதை’யைத் தயாரித்தவர் ராதிகா. மனவளர்ச்சி குன்றிய இருவரின் காதல், வழக்கமான தயாரிப்பாளர் தொடத் தயங்கும் கதை. இயக்குநரின் முதல் படத்துக்குத் தரப்படும் இந்திரா காந்தி தேசிய விருது அதற்குக் கிடைத்தது. அந்த விருதில் இயக்குநரோடு தயாரிப்பாளருக்கும் பங்கு உண்டு. இருபதுகளின் தொடக்கத்திலேயே அவர் அதைச் செய்திருக்கிறார் என்பது இன்னும் போதுமான அளவு பேசப்படவில்லை.

இனி ஸ்லாட்.

தொலைக்காட்சி என்றால் தூர்தர்ஷன் மட்டும் என்றிருந்த காலத்தில் தொடர் என்பது பெரும்பாலும் வாரம் ஒரு நாள், பதின்மூன்று வாரம். 1993 ஏப்ரல் 14-ல் சன் டிவி தொடங்கியது. தனியார் சேனலுக்கு நாள் முழுவதும் நிகழ்ச்சி வேண்டும். எல்லாவற்றையும் தானே தயாரித்துக்கொண்டிருக்க முடியாது. அதனால் நேரத்தைத் துண்டு போட்டு வெளியில் கொடுக்கும் முறை வளர்ந்தது. திங்கள் முதல் வெள்ளி வரை, இரவு இத்தனை மணி முதல் அரை மணி நேரம். அந்தத் துண்டுதான் ஸ்லாட்.

சந்தையில் கடை வாடகைக்கு எடுப்பதுபோல நினைத்துக்கொள்ளுங்கள். தயாரிப்பாளர் சேனலுக்கு ஒளிபரப்புக் கட்டணம் கட்டுவார். பதிலுக்கு அந்த அரை மணியில் குறிப்பிட்ட சில நிமிட விளம்பர நேரம் அவருக்குக் கிடைக்கும். அந்த நிமிடங்களைப் பத்து பத்து நொடிகளாக வெட்டி, சோப்பு, பற்பசை, நகைக்கடை, சேலைக்கடை என்று விளம்பரதாரர்களிடம் அவரே விற்றுக்கொள்வார். கட்டணம், படப்பிடிப்புச் செலவு, சம்பளம் எல்லாம் போக மிஞ்சுவது லாபம். தொடர் எடுபடாவிட்டால் விளம்பரம் வராது, ஆனால் கட்டணம் கட்டித்தான் ஆகவேண்டும். டி.ஆர்.பி. என்று எல்லோரும் சொல்கிறார்களே, எத்தனை வீட்டில் இதைப் பார்க்கிறார்கள் என்று அளக்கும் அந்த எண், தயாரிப்பாளரின் வயிற்றில் நெருப்பாக எரிவது இதனால்தான். எண் ஏறினால் பத்து நொடியின் விலை ஏறும்.

எல்லாச் சேனலும் எல்லாக் காலத்திலும் இதே முறையில் நடந்தன என்று எண்ணிவிட வேண்டாம். இன்னொரு முறையில் சேனலே ஒரு எபிசோடுக்கு இவ்வளவு என்று தயாரிப்பாளருக்குப் பணம் கொடுத்து எடுக்கச் சொல்லும். விளம்பர வருமானம் சேனலுடையது, கதையின் உரிமையும் பெரும்பாலும் சேனலுடையது. அதில் பயமும் குறைவு, லாபமும் குறைவு. இன்றைக்கு இந்த முறைதான் பரவலாக இருக்கிறது. நாம் பேசும் காலத்தில் ஸ்லாட்டை எடுப்பது என்றால் துணிந்து இறங்குவது என்று அர்த்தம்.

1990-களின் நடுவில் ராதிகா ராடான் என்ற தயாரிப்பு நிறுவனத்தை ஆரம்பித்தார். பிற்பாடு அது பங்குச் சந்தையில் பட்டியலிடப்பட்ட நிறுவனமாகவும் ஆனது. அந்த நிறுவனத்தின் பெயரை வீட்டுக்கு வீடு கொண்டுபோனது 1999 டிசம்பரில் சன் டிவியில் தொடங்கிய ‘சித்தி’. இயக்கியவர் சி.ஜே.பாஸ்கர். ஜோடியாக சிவகுமார் நடித்தார். அதுவே அன்றைக்குப் பெரிய செய்தி, ஏனென்றால் சீரியல் என்றால் படம் இல்லாதவர்கள் போகும் இடம் என்ற நினைப்பு பலருக்கு இருந்தது. தீனாவின் இசையில் நித்யஸ்ரீ மகாதேவன் பாடிய தலைப்புப் பாட்டு ஒலித்தால் தெருவில் எந்த வீட்டைக் கடந்தாலும் அதே வரி தொடர்ந்து வரும், நடந்துகொண்டே முழுப் பாட்டையும் கேட்டுவிடலாம்.

தலைப்பைக் கொஞ்சம் கவனியுங்கள். தமிழில் சித்தி என்றால் அம்மாவின் தங்கை, சித்தப்பாவின் மனைவி. அப்பா இரண்டாவதாகக் கட்டிக்கொண்டு வந்தவளுக்கும் அதே சொல்தான். முதல் இரண்டு அர்த்தத்தில் அது பாசமான சொல். மூன்றாவதில் ‘சித்தி கொடுமை’ என்ற பேச்சு ஒட்டிக்கொண்டே வரும். தாயில்லாப் பிள்ளைக்குச் சித்தியாக வரும் சாரதா அந்தப் பேச்சுக்கு எதிராக நின்று காட்டினாள். பார்க்கிறவர்கள் வீட்டில் ஏற்கெனவே ஒரு கருத்து இருக்கும் சொல்லைத் தலைப்பாக எடுத்து, அதை உள்ளிருந்து திருப்பிப் போட்டது கெட்டிக்காரத்தனம். தெலுங்கில் ‘பின்னி’ என்ற பெயரில் போனபோதும் அதே வரவேற்பு.

சித்தி 2001 நவம்பர் வரை ஓடியது, கிட்டத்தட்ட 470 எபிசோடுகள். விளம்பரம் போக ஒரு எபிசோடில் 20 நிமிடக் கதை என்று வைத்துக்கொண்டால் 150 மணி நேரத்துக்கு மேல். இரண்டரை மணி நேரப் படமாக மாற்றிக் கணக்கிட்டால் அறுபது படத்துக்குச் சமம், அதுவும் இரண்டு ஆண்டுக்குள். பின்னால் வந்த ‘வாணி ராணி’ 2013 ஜனவரி முதல் 2018 டிசம்பர் வரை 1,743 எபிசோடுகள் ஓடியது. அதே கணக்கில் 230 படத்துக்கு மேல். ஒரு நடிகை ஆண்டுக்குப் பத்துப் படம் செய்தாலும் இருபத்து மூன்று ஆண்டு ஆகும்.

இவ்வளவையும் எடுத்து முடிப்பது எப்படி? இங்கேதான் பழைய காம்பினேஷன் பிரச்சினை புது உருவத்தில் வருகிறது.

ஒரு சீரியல் காட்சியை மனதுக்குள் ஓட்டிப் பாருங்கள். கூடத்தில் பத்துப் பேர் நிற்கிறார்கள். மாமியார் ஒரு வார்த்தை சொல்கிறார். உடனே மருமகள் முகம், அப்புறம் மகன் முகம், மூலையில் நிற்கும் நாத்தனார் முகம், மறுபடி மருமகள் முகம். பின்னணியில் திடும் திடும் என்று இசை. இதை இழுவை என்று சலித்துக்கொள்கிறோம். நேரத்தை நிரப்பும் வேலையும் அதில் இருக்கிறது, மறுக்கவில்லை. ஆனால் இன்னொரு காரணமும் உண்டு. பத்துப் பேருக்கும் ஒரே நாள் கிடைப்பது கஷ்டம். எல்லோரும் இருக்கும் ஒரு நாளில் கூடத்து வைட் ஷாட்டை மட்டும் எடுத்துக்கொண்டு, ஒவ்வொருவரின் குளோசப்பையும் அவரவர் வரும் நாளில் எடுத்துவிடலாம். குளோசப்பில் நிற்கிறவருக்கு எதிரில் மாமியார் இருக்கவேண்டிய அவசியமே இல்லை. காமிராவுக்குப் பக்கத்தில் உதவி இயக்குநர் உட்கார்ந்து மாமியாரின் வசனத்தைப் படிப்பார், நடிகை அந்தக் குரலைப் பார்த்து அழுவார். தன் வசனத்தையும் பல நேரம் அவர் சொல்லச் சொல்லத்தான் பேசுவார். இதற்கு பிராம்ப்டிங் என்று பெயர். நாலு பக்க வசனத்தைப் படித்து மனப்பாடம் செய்ய அங்கே நேரம் இருக்காது.

இதை மட்டமான வேலை என்று நினைப்பவர்கள் ஒருமுறை செய்து பார்க்கட்டும். வெறும் சுவரைப் பார்த்து, யாரோ உணர்ச்சியில்லாமல் படிக்கும் வரிக்குப் பதிலாக, சென்ற வாரம் வேறு நாளில் எடுத்த அழுகையோடு பொருந்தும்படி அழவேண்டும். சேலை அதே சேலையா, குங்குமம் அதே இடத்தில் இருக்கிறதா, கண் எவ்வளவு சிவந்திருந்தது என்று நினைவு இருக்கவேண்டும். கன்டினியூட்டி பார்க்க ஆள் இருப்பார், ஆனால் உணர்ச்சியின் கன்டினியூட்டியை நடிகைதான் பார்த்துக்கொள்ள வேண்டும்.

இரட்டை வேடம் என்றால் இன்னும் சிரமம். வாணி வக்கீல், ராணி வீட்டைப் பார்த்துக்கொள்ளும் பெண். இருவரும் ராதிகாதான். இருவரும் எதிரெதிரே நின்று பேசும் காட்சியில் ஒருவர் முகம் தெரியும், மற்றவரின் தோளும் பின்னந்தலையும் மட்டும் ஓரத்தில் தெரியும். இந்த மாதிரி ஷாட்டை யூனிட்டில் ‘சஜஷன்’ என்பார்கள். அந்தத் தோள் ஒரு டூப்புடையது. பிறகு உடை மாற்றி, கொண்டையை மாற்றி, எதிர்ப்பக்கம் நின்று மறு பாதியை எடுக்க வேண்டும். இரண்டு பேருக்கும் நிற்கும் விதம்கூட வேறு. வாணி நிமிர்ந்து நிற்பாள், ராணி உடம்பைக் கொஞ்சம் தளர்த்தி நிற்பாள். ஐந்து ஆண்டுக்கு மேல், வாரத்தில் பெரும்பாலான நாட்கள், இந்த வித்தியாசத்தை மாறாமல் வைத்திருந்தார் என்பதை நினைத்துப் பார்க்கும்போது எனக்கு மலைப்பாக இருக்கிறது. சினிமாவில் இரட்டை வேடம் என்றால் சில மாத வேலை, அதற்கே விருது தருகிறோம்.

கால்ஷீட் பிரச்சினை கதைக்குள்ளேயே புகுந்துவிடுவதும் சீரியலில் மட்டும்தான். ஒருவர் விலகிவிட்டால் ‘இவருக்குப் பதில் இவர்’ என்று எழுத்துப் போட்டு அடுத்த நாள் வேறு முகம் வரும். பத்து நாள் வரமுடியாவிட்டால் அந்தப் பாத்திரம் வெளியூர் போயிருக்கும். நாளைக்கு என்ன ஒளிபரப்புவது என்ற பயம் இல்லாமல் இருக்க, முடிந்தவரை எபிசோடுகளை முன்கூட்டியே எடுத்துக் கையில் வைத்துக்கொள்வார்கள். இதை ‘பேங்கிங்’ என்பார்கள். சேமிக்க முடியாத கால்ஷீட்டை எபிசோடாக மாற்றிச் சேமிக்கும் வழி இது. சினிமாவில் நடிகையின் கையில் இல்லாதது இங்கே தயாரிப்பாளரின் கையில் இருக்கிறது. தயாரிப்பாளரும் நாயகியும் ஒரே ஆளாக இருந்தால், தொடரின் மிக விலை உயர்ந்த கால்ஷீட் எந்த நாளிலும் கைக்கு எட்டும் தூரத்தில் இருக்கிறது. ராடான் தொடர்கள் இத்தனை காலம் இடைவிடாமல் ஓடியதற்கு இந்த எளிய காரணமும் உண்டு.

சித்திக்குப் பிறகு வந்த வரிசையைப் பார்த்தால் இன்னொன்று தெரியும். ‘அண்ணாமலை’, ‘செல்வி’, ‘அரசி’, ‘செல்லமே’, அப்புறம் வாணி ராணி. ஒன்று முடியும், அடுத்தது தொடங்கும். சினிமாவில் ஒரு படம் ஓடாவிட்டால் அடுத்த படத்துக்கு யாராவது கூப்பிட வேண்டும். இங்கே ஸ்லாட் கையில் இருப்பதால், ஒரு கதை முடிந்தாலும் கடை திறந்தேதான் இருக்கும். பாத்திரங்களையும் கவனியுங்கள். அரசியில் அவர் காக்கிச் சட்டை போட்டார். வாணி நீதிமன்றத்தில் வாதாடினாள். நாற்பது வயதைத் தாண்டிய ஒரு பெண் கதையின் நடுவில் நிற்கும் வேடங்களைப் பெரிய திரை அன்று அவருக்கு எழுதவில்லை. கதை விவாதத்தில் உட்காரும் இடமும் அவருக்கே இருந்ததால், அந்த வேடங்கள் எழுதப்பட்டன.

அவரைப் பார்த்து மட்டும்தான் மற்றவர்கள் சின்னத்திரைக்கு வந்தார்கள் என்று சொல்லமாட்டேன், ஒவ்வொருவருக்கும் அவரவர் காரணம் இருந்திருக்கும். ஆனால் சித்திக்குப் பிறகு வழி தெளிவாகத் தெரிந்தது. தேவயானியின் ‘கோலங்கள்’ 2003 முதல் 2009 வரை ஓடியது. ரம்யா கிருஷ்ணன் ராடான் தயாரித்த ‘தங்க வேட்டை’ போட்டி நிகழ்ச்சியை நடத்தினார், பிறகு ‘தங்கம்’, ‘வம்சம்’ என்று தொடர்களில் நாயகியாக இருந்தார். ‘மார்க்கெட் போனவர்’ என்ற பேச்சு இவர்களிடம் எடுபடவில்லை.

இந்த ஏற்பாட்டில் குறையே இல்லையா என்றால், உண்டு. தினமும் ஒளிபரப்பு என்பதால் கதை நீண்டு கொண்டே போகவேண்டும். நல்ல பாத்திரத்தைக்கூட இருநூறாவது எபிசோடுக்குப் பிறகு கடத்தல், விஷம், ஞாபக மறதி என்று எங்கெங்கோ இழுத்துக்கொண்டு போய்விடுவார்கள். டி.ஆர்.பி. எண் சொல்வதைத்தான் கதை கேட்கும். சித்தியின் முதல் மாதங்களில் இருந்த நெருக்கம் பல மெகா தொடர்களில் கடைசிவரை நிற்பதில்லை. துணைப் பாத்திரங்களில் வருகிறவர்களுக்கு அங்கேயும் கால்ஷீட் வாழ்க்கைதான், நாள் கூலிக்கு நெருக்கமான வாழ்க்கை. ஸ்லாட்டால் நிமிர்ந்தவர்கள் சிலர்தான்.

2019-ன் இறுதியில் கலர்ஸ் தமிழில் ‘கோடீஸ்வரி’ தொடங்கியது. போட்டியாளர்கள் எல்லோரும் பெண்கள், நடத்தியவர் ராதிகா. காது கேளாத, பேச இயலாத ஒரு பெண் அதில் ஒரு கோடி ரூபாய் வென்றார். அந்த எபிசோடில் ராதிகாவின் முகத்தைப் பாருங்கள். அங்கே பிராம்ப்டிங் இல்லை, சஜஷன் இல்லை. எதிரே இருப்பவரின் விரல் பதிலைத் தொடும்வரை மூச்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார். 2020 ஜனவரியில் ‘சித்தி 2’ தொடங்கியது. அடுத்த ஆண்டு அவர் அதில் நடிப்பதிலிருந்து விலகினார், தொடர் அவர் இல்லாமலே 2022 வரை ஓடியது.

இதற்கிடையில் சினிமாவுக்குக் கால்ஷீட் கொடுப்பதையும் அவர் நிறுத்தவில்லை. ‘தெறி’, ‘தர்மதுரை’, ‘வெந்து தணிந்தது காடு’, ‘லவ் டுடே’ என்று நிறைய அம்மா வேடங்கள். ‘நானும் ரவுடிதான்’ படத்தில் போலீஸ் வேலையில் இருக்கும் அம்மா மீனாகுமாரி. மகனையும் எப்படியாவது போலீஸில் சேர்த்துவிட வேண்டும் என்று துடிப்பவள். வருகிற காட்சிகள் கொஞ்சம்தான், ஆனால் தியேட்டரில் சிரிப்பு அடங்காது. 1993-ல் விருமாயிக்குக் கொடுத்த கால்ஷீட்டுக்கும் இதற்கும் வித்தியாசம் இருக்கிறது. இப்போது பிடித்ததற்கு மட்டும் கொடுத்தால் போதும். அந்தப் படம் 2015 அக்டோபரில் வந்தது. மாலைக் காட்சி பார்த்துச் சிரித்துவிட்டு வீடு திரும்பியவர்கள் இரவு ஒன்பதரைக்கு டிவியைப் போட்டபோது, அங்கே வாணியும் ராணியும் பேசிக்கொண்டிருந்தார்கள்.